நான் படிக்காமல் திருப்பிக் கொடுத்த நோட்டு

மகனே, இந்தக் கடிதத்தை நீயே எழுத்துக் கூட்டிப் படிக்க உட்காராதே. இரண்டாம் பக்கத்திலேயே உனக்குக் கண் கட்டிவிடும். அப்புறம் “அப்பா, வாட்ஸ்ஆப்ல வாய்ஸ் நோட் போட்டுருங்களேன்” என்பாய். உன் மனைவி வித்யா கோயம்புத்தூரில் பள்ளிப்படிப்பு முடியும்வரை தமிழ் படித்தவள். கோபர்கைரனே வீட்டு பால்கனியில் அவளை உட்காரவைத்து வாசிக்கச் சொல். நீ காதால் கேள். கேட்டால் உனக்கு ஒரு சொல்கூடத் தவறாது, அது எனக்குத் தெரியும். வாய்ஸ் நோட்டில் நான் சொல்லியிருக்கலாம்தான். ஆனால் பேசினால் நான் மழுப்புவேன், நடுவில் இருமுவேன், உன் அம்மாவைக் கூப்பிட்டு அவளிடம் போனைக் கொடுத்துவிடுவேன். அதனால்தான் பேனாவை எடுத்தேன்.

விஷயத்துக்கு வருகிறேன். மாணவர்களுக்கும் பொது வாசகர்களுக்கும் என்று மும்பை வரலாற்றுக்கு ஆங்கிலத்தில் ஒரு துணைநூல், அறுநூறு பக்கம், அதற்கு என் மகன் பதிப்பாசிரியன். நான்கு வருஷ உழைப்பு. அடுத்த வாரம் அச்சுக்குப் போகிறது. போன மாதம் நீ எனக்கு அதில் ஒரு பக்கத்தை மட்டும் போனில் அனுப்பினாய். “அப்பா, சர்ப்ரைஸ். பேஜ் டூ ஃபோர்ட்டீன் பாருங்க” என்று எழுதி ஒரு இதயமும் போட்டிருந்தாய். பார்த்தேன். மாட்டுங்கா லேபர் கேம்ப்பில் தமிழ்ப் பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் வந்தது ஒரு தனி மனிதரின் முயற்சியால், அவர் ஒரு மில் கிளார்க் என்று எழுதி, உன் அம்மாவைப் பெற்ற தாத்தாவின் பெயரைப் போட்டிருந்தாய். கீழே பொடி எழுத்தில் மூன்று ஆதாரம். உடனே நீயே போன் செய்தாய். “மூணு சோர்ஸ்ப்பா. ஒண்ணுக்கு மூணு. தாத்தாங்கிறதால நான் சும்மா போடல, பக்கா செக் பண்ணிட்டேன்” என்றாய். நான் “நல்லாருக்கு” என்று சொல்லி வைத்துவிட்டேன். அந்த “நல்லாருக்கு”வைத் திரும்ப எடுத்துக்கொள்ளத்தான் இந்தக் கடிதம். அந்தப் பக்கத்தை அச்சுக்கு விடாதே. அதில் பாதிதான் உண்மை. மீதிப் பாதியை மறைத்தவன் நான்.

உன் மூன்று ஆதாரங்களையும் ஒரு தடவை பார். முதலாவது, பள்ளிக்கூடச் சுவரில் பழைய மாணவர்கள் பதித்த கல்வெட்டு. இரண்டாவது, அவர்கள் போட்ட விழா மலர். மூன்றாவது, ஒரு பத்திரிகைக் கட்டுரை. கட்டுரை எழுதிய பையன் விழா மலரைப் பார்த்து எழுதினான், அவனே என்னிடம் சொன்னான். விழா மலரில் இருப்பது கல்வெட்டில் உள்ள வாசகம். கல்வெட்டுக்கு வாசகம் வேண்டும் என்று அவர்கள் வந்தபோது நான் முன்பு தொகுத்த தமிழ்க் கையேட்டிலிருந்து நான்தான் ஒரு துண்டுத்தாளில் எழுதிக் கொடுத்தேன். நீ மூன்று கதவைத் தட்டினாய். மூன்றுக்கும் உள்ளே இருந்து “யாரு?” என்று கேட்டது உன் அப்பன்தான். உன் மேல் தப்பில்லை. இந்தத் தொழிலில் இருக்கிற யாருமே ஏமாந்துபோகிற இடம் அது.

அந்தக் கையேட்டை நீ பார்த்திருக்கிறாய், ஆனால் அது எப்படி உண்டானது என்று உனக்கு நான் சொன்னதில்லை. எனக்கு அப்போது இருபத்தெட்டு வயது. மாட்டுங்காவில் ஒரு அச்சகத்தில் புரூஃப் பார்த்துக்கொண்டிருந்தேன். முனிசிபல் தமிழ்ப் பள்ளிகளில் படிக்கிற பிள்ளைகளுக்குச் சரித்திரப் பாடத்துக்குத் தமிழில் ஒரு துணைநூல் கிடையாது. ஊரிலிருந்து வருகிற புத்தகங்களில் சோழனும் பாண்டியனும் இருப்பார்கள், நாம் இருக்கிற இந்த ஊர் இருக்காது. சரி, நாமே செய்வோம் என்று இறங்கினேன். சேதி ஒன்றுக்கு ஒரு அட்டை. அட்டைகளைச் செருப்புப் பெட்டிகளில் அடுக்கிவைத்தேன். தாராவியில் செருப்புப் பெட்டிக்கா பஞ்சம்! பன்னிரண்டு பெட்டி சேர்ந்தது. எனக்கென்று ஒரு விதி வைத்திருந்தேன்: ஒரு சேதிக்கு எழுத்தில் இரண்டு ஆதாரம் இருந்தால்தான் உள்ளே, இல்லையென்றால் வெளியே. அந்த விதியைப் பற்றி எனக்குத் தலைகால் புரியாத பெருமை. புத்தகம் வந்தபிறகு பிள்ளைகள் மட்டுமில்லை, டியூஷன் வாத்தியார்களும், சலூனில் பந்தயம் கட்டுகிற பெரிய ஆட்களும்கூட அதைப் புரட்டினார்கள். “ஏல, கையேட்டுல போட்டிருக்கு” என்று யாராவது சொல்லிவிட்டால் சண்டை முடிந்துவிடும். அதைக் கேட்டுக்கொண்டே நான் முடி வெட்டிக்கொண்ட நாட்கள் உண்டு.

இனி பள்ளிக்கூடக் கதை. லேபர் கேம்ப்பில் பிள்ளைகள் தெருவில் திரிந்த காலம். போதுமான பிள்ளைகள் இருப்பதாகப் பேர், வயது, தகப்பன் பேரோடு பட்டியல் கொடுத்தால் தமிழ் வகுப்பு திறப்போம் என்று முனிசிபல் அதிகாரிகள் சொன்னார்கள். பட்டியல் எடுத்தது உன் தாத்தா இல்லை. மைதீன் பாத்து என்று ஒரு அம்மாள். எல்லோரும் பாத்துமா என்றே கூப்பிடுவோம். காயல்பட்டினத்துக்காரர். வீட்டுக்காரர் தாராவியில் தோல் பட்டறையில் பை தைத்தார், இவர் வீட்டிலிருந்து பர்ஸ் தைத்துக் கொடுப்பார். தைத்து முடித்த நேரம் போக, ஒரு நோட்டை இடுப்பில் செருகிக்கொண்டு வீடு வீடாக ஏறி இறங்கினார். இந்து வீடு, கிறிஸ்தவ வீடு, துலுக்க வீடு என்று பார்க்கவில்லை. வேலைக்குப் போன தாய்மார் வரும்வரை வாசலில் நின்றார். சிலர் “காய்கோ, எதுக்கு? பள்ளிக்கூடம் போனா சோறு போடுமா?” என்று விரட்டினார்கள், மறுநாள் திரும்பப் போனார். எல்லாப் பேரும் சேர்ந்தபிறகு, கேம்ப்பில் ஆங்கிலம் எழுதத் தெரிந்த ஒரே ஆளான உன் தாத்தாவிடம் போய் உட்கார்ந்து அந்த அம்மாள் வாசிக்க, தாத்தா ஆங்கிலத்தில் மனுவாக எழுதினார். கையெழுத்தும் அவரே போட்டார். ஆபீசுக்குத் தூக்கிக்கொண்டு போனதும் அவரே. அவ்வளவுதான் நடந்தது. உன் தாத்தா செய்தது சின்ன வேலை இல்லை, ஆனால் அது கடைசி வேலை.

இதெல்லாம் எனக்கு அப்போதே தெரியும். கேம்ப்பில் எல்லோருக்கும் தெரியும். அதுதான் வெட்கக்கேடு. கையேட்டில் லேபர் கேம்ப்புக்கென்று ஒரு பக்கம் எழுதப் போகிறேன் என்று கேள்விப்பட்டு பாத்துமா ஒரு மத்தியானம் அச்சகத்துக்கே வந்துவிட்டார். அதற்குள் அவர்கள் குடும்பம் நகரின் கிழக்குக் கோடியில் உள்ள சீத்தா கேம்ப்புக்குப் போய் வெகுகாலம் ஆகியிருந்தது. இரண்டு பஸ் மாறி வந்திருக்கிறார். ரெக்சின் பையிலிருந்து அந்த நோட்டை எடுத்து என் மேஜையில் வைத்தார். நான் அட்டையைத் திறந்தேன், வெறும் பக்கம். அவர் அதைத் திருப்பி மறுபக்கமாகத் திறந்து காட்டினார். உள்ளே வலமிருந்து இடமாக ஓடுகிற எழுத்து.

“இது உருதுல்லா பாத்துமா? எனக்கு உருது தெரியாதே” என்றேன்.

“உருது இல்லய்யா, தமிழுதான். எழுத்துதான் அரபு. எங்க ஊர்ல பொம்பளையெல்லாம் இப்பிடித்தான எழுதுவோம். நீ உக்காரு, நான் வாசிக்கேன். எம் பேரப் போடணும்னு வரலய்யா நான். பிள்ளைங்க பேரு பூரா இதுல இருக்கு. அத எங்கியாவது போட்டுரு.”

“ஃபாரம் மெஷின்ல ஏறிட்டிருக்கு. இப்ப நேரமில்ல. இன்னொரு நாள் பாப்போம்” என்று நோட்டை மூடிக் கொடுத்துவிட்டேன். ஃபாரம், அதாவது ஒரே தாளில் சேர்ந்து அச்சாகிற பக்கங்கள், ஏறியது உண்மைதான். ஆனால் லேபர் கேம்ப் பக்கம் அந்த ஃபாரத்தில் இல்லை. அதை அச்சடிக்க இன்னும் பத்து நாள் இருந்தது. பாத்துமா வாங்கிப் பைக்குள் வைத்துக்கொண்டு “வரட்டாய்யா” என்று போனார். ஒரு டீகூட வாங்கிக் கொடுக்கவில்லை நான்.

இதில் பெரிய கூத்து என்ன தெரியுமா? என் கையேட்டில் “அரபுத்தமிழ்” என்று நாலு வரிக் குறிப்பு ஒன்று இருக்கிறது. தென்மாவட்ட முஸ்லிம்கள் தமிழை அரபு எழுத்தில் எழுதும் வழக்கம் இருந்தது என்று நானே எழுதியது, நானே புரூஃப் பார்த்தது. இரண்டு ஆதாரமும் உண்டு. “இருந்தது” என்று போட்டிருக்கிறேன் பார், என்னவோ செத்துப்போன சமாச்சாரம்போல. அதை எழுதிய ஆளின் மேஜைக்கே அது உயிரோடு பஸ் ஏறி வந்து நின்றபோது, உருதா என்று கேட்டு அனுப்பிவிட்டேன். இதை நினைத்தால் இன்றைக்கும் எனக்குச் செவிட்டில் ஒன்று வைத்துக்கொள்ளலாம்போல் இருக்கிறது.

எழுத்து படிக்கத் தெரியாததால் வந்த தப்பு என்று இதோடு முடித்துக்கொள்ள எனக்கு ஆசைதான். அதுவும் முழுசாக உண்மையில்லை. அப்போது உன் அம்மாவைப் பெண் கேட்டுக்கொண்டிருந்தோம். உன் தாத்தா மில் ஹெட் கிளார்க், நான் புரூஃப் ரீடர். அவர் சரி என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. இழுத்துக்கொண்டே இருந்தார். அந்த ஆண்டு முழுக்க எனக்கு வேறு நினைப்பே கிடையாது. அட்டையை எடுத்து அந்தப் பக்கத்தை எழுத உட்கார்ந்தபோது, எழுத்தில் என்ன இருக்கிறது என்று என் விதி கேட்டது. மனுவின் நகல் இருந்தது, அதில் தாத்தாவின் கையெழுத்து இருந்தது. ஆபீசிலிருந்து வந்த பதில் கடிதம் அவர் பேருக்கு இருந்தது. ஆக ஆதாரம் இரண்டு. பாத்துமாவுக்கு? படிக்க முடியாத ஒரு நோட்டு. மனசுக்குள் ஒரு மூலையில் குறுகுறுத்தது. விதியைக் காட்டி அதன் வாயை அடைத்தேன். புத்தகம் வந்ததும் முதல் பிரதியை வெற்றிலைபாக்கோடு கொண்டுபோய் உன் தாத்தா கையில் கொடுத்தேன். அவர் அந்தப் பக்கத்தை இரண்டு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துவிட்டு, “தேதி பாத்துருவோம் மாப்ள” என்றார். உன் அம்மாவுக்கும் எனக்கும் கல்யாணம் நடந்தது இப்படித்தான்.

திருத்திக்கொள்ள எனக்கு இடம் கிடைக்காமல் இல்லை. நீ ஏழாவது படிக்கும்போது “எங்கள் வட்டாரம்” என்று ஒரு ப்ராஜெக்ட் கொடுத்தார்கள். சார்ட் பேப்பரில் தாத்தா படத்தை ஒட்டி, என் கையேட்டைப் பார்த்து ஆங்கிலத்தில் எழுதினாய். எழுதும்போது என்னிடம் வந்து, “அப்பா, தாத்தா தனியாவா எல்லா வீட்டுக்கும் போனாங்க? ஆபீஸ் இருக்குமே, எப்ப போனாங்க?” என்று கேட்டாய். பன்னிரண்டு வயதுப் பிள்ளைக்குத் தோன்றிய சரியான கேள்வி. நான் என்ன சொன்னேன் ஞாபகம் இருக்கிறதா? “புக்ல என்ன இருக்கோ அத எழுது” என்றேன். உனக்கு முதல் பரிசு கிடைத்தது, தாத்தா உனக்குப் பேனா வாங்கிக் கொடுத்தார், நான் ஹாலில் நின்று கை தட்டினேன். நீ சரித்திரம் படிக்கப் போனது அந்தப் பரிசால்தான் என்று போகிற இடமெல்லாம் சொல்கிறாய். அதைக் கேட்கும்போதெல்லாம் நான் பேச்சை மாற்றிவிடுவேன்.

உன் தாத்தாவை நீ தப்பாக நினைத்துவிடக் கூடாது. அவர் காலமான அந்த மழைக்காலத்தில், ஆஸ்பத்திரியில் நானும் அவரும் மட்டும் இருந்தோம். திடீரென்று, “மாப்ள, அந்தப் பக்கத்த எழுதச் சொல்லி நான் ஒம்மக் கேக்கல. நீரா எழுதினீரு. ஆனா படிச்சுட்டு நான் சும்மா இருந்துட்டேன் பாத்தீரா, அது என் தப்பு. பாத்துமா இருக்காளா? அவகிட்ட ஒரு வார்த்த சொல்லிரும்” என்றார். “சரி மாமா, டிஸ்சார்ஜ் ஆகி வாங்க, சேந்து போவோம்” என்றேன். அவர் வரவில்லை. நான் தனியாகவும் போகவில்லை. பாத்துமா அப்போது உயிரோடுதான் இருந்தார். நம் செம்பூர் வீட்டிலிருந்து சீத்தா கேம்ப் என்ன லண்டனா? ஒரு பஸ். அந்த ஒரு பஸ்ஸை நான் இத்தனை வருஷமாகப் பிடிக்கவில்லை.

உன் பக்கம் வந்து நான்கு நாள் கழித்து உன் அம்மாவிடம் சொன்னேன். அவள் இட்லிக்கு அரைத்த மாவை வழித்துக்கொண்டிருந்தாள். நான் சொல்லி முடிக்கிறவரை கையை நிறுத்தவில்லை. அப்புறம் கையைக் கழுவிவிட்டு வந்து எதிரில் உட்கார்ந்தாள்.

“அப்ப எங்கப்பா பேர எடுத்துருவியளா?” என்றாள்.

“எடுக்க வேண்டாம். அவர் செஞ்சது அப்பிடியே இருக்கட்டும். அதுக்கு முன்னால அந்தம்மா பேரு வரணும்.”

“அது வரட்டும், அத நான் வேண்டாம்னா சொல்லுதேன்? முப்பத்தேழு வருசம் எங்கூட ஒரே வீட்ல இருந்துட்டு எங்கிட்ட ஒரு வார்த்த சொல்லலியே நீங்க. ஊர்ல யாராவது எங்கப்பாவப் பத்திப் பேசினா நான் எப்பிடி நெஞ்ச நிமித்திட்டு நின்னேன்! பாத்துட்டுத்தான இருந்திய? என்னைக் கோமாளியாக்கிட்டிய.”

மூன்று நாள் என்னோடு பேசவில்லை. சாப்பாடு வந்தது, பேச்சு வரவில்லை. நான்காம் நாள் காலையில் புடவை மாற்றிக்கொண்டு ஹாலில் வந்து நின்று, “சீத்தா கேம்ப்புக்கு எந்த பஸ்?” என்று கேட்டாள். சட்டைப் பட்டனை மாற்றிப் போட்டுக்கொண்டு கிளம்பினேன். பஸ்ஸில் அவள்தான் அதைச் சரிசெய்தாள்.

பாத்துமா இல்லை. மௌத்தாகி பதினொரு வருஷம் ஆயிற்று என்று மகள் ரஹ்மத் சொன்னார். அவருக்கே அறுபது இருக்கும். என்னைப் பார்த்ததும், “பிரஸ் அண்ணாச்சிதான?” என்றார். நான் திகைத்துப் போனேன். “அன்னிக்கு உம்மாகூட நானும் வந்திருந்தேன். வாசல்ல நின்னேன். நீங்க பாக்கல” என்றார். உம்மா என்ன சொன்னார் என்று கேட்டேன். “ஒண்ணும் சொல்லல. பஸ்ல வாறப்ப மட்டும், அவனுக்கு ஜோலி இருந்துச்சு பாவம்னா” என்றார். என்னைத் திட்டியிருந்தால்கூட அப்படி இருந்திருக்காது.

நோட்டு இருக்கிறதா என்று கேட்டதும் முகம் மாறிவிட்டது. “இப்ப எதுக்கு? சர்வே கிர்வேன்னு எதும் வந்திருக்கா? யாராவது காகஜ், பேப்பரு கேக்காங்களா?” நான் விஷயத்தைச் சொன்னேன், உன் புத்தகத்தைச் சொன்னேன். நான் செய்ததையும் மூடி மறைக்காமல் சொன்னேன். ரஹ்மத் எழுந்துபோய் அலமாரியைத் திறந்தார். ரேஷன் கார்டு, ஆதார் எல்லாம் வைத்திருக்கிற பிளாஸ்டிக் உறைக்கு அடியிலிருந்து அதை எடுத்தார். அதே நோட்டு. நான் என்னையறியாமல் கையை நீட்டினேன்.

“கையில தர மாட்டேன் அண்ணாச்சி. வாசிக்கேன், கேட்டுக்கோங்க. உம்மாவும் அன்னிக்கு அதத்தான சொன்னா” என்றார்.

வாசித்தார். மகனே, அதை எப்படி உனக்குச் சொல்வது? அந்தப் பக்கத்தைப் பார்த்தால் எனக்கு ஒரு புள்ளிகூடப் புரியவில்லை. காதில் விழுந்ததோ அசல் நம் வீட்டுப் பேச்சு. “ரெண்டாம் லைன், தண்ணிக் குழாய்க்கு எதுத்தாப்புல, ஐயாக்குட்டி மவ, வயசு ஏழு, தம்பியப் பாத்துக்கிட்டு வீட்ல இருக்கா, தம்பியையும் கூட்டிட்டு வரலாம்னு சொல்லிருக்கேன்.” ஒவ்வொரு பிள்ளைக்கும் இப்படி. வெறும் பேரும் வயதும் இல்லை, அந்தப் பிள்ளை ஏன் பள்ளிக்கூடம் போகவில்லை, யாரிடம் பேசினால் அனுப்புவார்கள் என்று எல்லாம் இருந்தது. நான் பன்னிரண்டு செருப்புப் பெட்டி நிறையச் சேர்த்த அட்டைகளில் ஒன்றிலாவது இப்படி ஒரு வரி இருந்ததா என்று யோசித்தேன். கடைசிப் பக்கத்துக்கு முன்னால் உன் தாத்தா வந்தார். “மில் கிளார்க்கு வீட்ல உக்காந்து மனு எழுதுனோம். ரெண்டு நாள் ஆச்சு. நல்ல மனுசன். ஒரு பேருகூட விடாம எழுதுனாரு. அவரு இல்லன்னா இது ஆபீசுக்குப் போயிருக்காது. அல்லா அவருக்கு நல்லது செய்யட்டும்.” உன் அம்மா முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். தன் நோட்டில் அவர் உன் தாத்தாவுக்கு இடம் வைத்திருந்தார்.

இனி உனக்கு நான் சொல்லவேண்டியது. புத்தகம் ஒரு மாதம் தள்ளிப்போனால் தலை போய்விடாது. உன் ஆபீசில் குதிப்பார்கள், குதிக்கட்டும். அந்தப் பக்கத்தை எடுத்துத் திரும்ப எழுது. பாத்துமாவின் முழுப் பேரைப் போடு. ஆதாரம் என்ற இடத்தில் அரபுத்தமிழ் நோட்டு, ரஹ்மத் வாசித்துக் கேட்டது என்று அப்படியே எழுது. உன் தாத்தா மனு எழுதியதையும் போடு, அதுவும் நடந்ததுதான். அப்புறம் கீழே ஒரு குறிப்பு: இதற்கு முன் வந்த தமிழ்க் கையேட்டில் இந்தச் சேதி தவறாக இருக்கிறது, அதைத் தொகுத்தவர் உண்மை தெரிந்தே விட்டுவிட்டார் என்று. என் பேரையும் போடு. அப்பா ஆயிற்றே என்று பார்க்காதே. எனக்கு மானம் போகும்தான், பொய் சொல்லமாட்டேன், சலூனில் தலை நிமிர்ந்து உட்காரக் கொஞ்ச நாள் ஆகும். ஆனால் ஏதோ ஒரு பள்ளிக்கூடத்தில் ஏதோ ஒரு பிள்ளை உன் புத்தகத்தைப் பார்த்து சார்ட் பேப்பரில் எழுதும். அது தன் அப்பனிடம் வந்து, ஆபீஸ் இருக்குமே, எப்ப போனாங்க என்று கேட்கும். அந்தப் பிள்ளைக்கு நீ பதில் வைத்திரு. உன்னிடம் ஒரு ஆதாரம் வந்து நின்று, அது உனக்குப் படிக்கத் தெரியாத எழுத்தில் இருந்தால், தெரியாது என்று மட்டும் சொல். இல்லை என்று சொல்லாதே. வாசித்துக் காட்டச் சொல்லிக் கேட்டுக்கொள்ள உனக்குக் காது இருக்கிறது.

நேரமும் அதிகம் இல்லை. ரஹ்மத்துக்குக் கண்ணில் புரை விழுந்திருக்கிறது, விளக்குக்குக் கீழே நோட்டைத் தூக்கிப் பிடித்துத்தான் வாசிக்கிறார். அவர் பிள்ளைகளுக்கு அந்த எழுத்து தெரியாது. நீயும் வித்யாவும் ஞாயிற்றுக்கிழமை வருவீர்கள் என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன். உட்கார்ந்து முழுசும் கேள், அவர் சம்மதித்தால் போனில் பதிவு செய். நோட்டைக் கையில் கேட்காதே.

இன்னொன்று. இதை உன் அம்மாவிடம்கூட நான் வழியில் பேசவில்லை. ரஹ்மத் நடுவில் ஒரு பக்கத்தில் நிறுத்தி, “இது யாருன்னு உங்களுக்குத் தெரியுமா அண்ணாச்சி? பேச்சியம்மா மவன்னு இருக்கு” என்று கேட்டார். பேச்சியம்மா என்னைப் பெற்றவள். “மூணாம் லைன், கடைசி வீடு. பேச்சியம்மா மவன். ஆறு வயசு இருக்கும். தாய் வேலைக்குப் போயிட்டா. பேரு கேட்டேன், கதவுக்குப் பொறத்தால போய் ஒளிஞ்சுக்கிட்டான். நாளைக்கு வரணும்.” அடுத்த வரி: “இன்னிக்கும் சொல்லல. நாளைக்கு வரணும்.” மூன்றாவது வரியில் என் பேர் இருந்தது. அந்தப் பேரைத்தான் நான் கையேட்டின் அட்டையில் பெரிய எழுத்தில் போட்டுக்கொண்டேன்.

ஞாயிற்றுக்கிழமை போய் வா.

அப்பா